ஒருமுறை 'செத்துப் பிழைத்த' மூஞ்சூறு.. இந்த முறை வரவே இல்லை! கிறிஸ்துமஸ் தீவில் என்ன நடந்தது?

எடை வெறும் 5 முதல் 6 கிராம்தான். ஒரு டீஸ்பூன் சர்க்கரை அளவு. அவ்வளவு சின்ன உயிரினம் ஒன்று உலகத்தில் இனி இல்லை என்று 2025 அக்டோபரில் அதிகாரப்பூர்வமாக அறிவித்தது ஐ.யூ.சி.என். அமைப்பு. அதுதான் கிறிஸ்துமஸ் தீவு மூஞ்சூறு.

எங்கே இருக்கிறது இந்தத் தீவு?

இந்தியப் பெருங்கடலில், இந்தோனேசியாவின் ஜாவாவுக்கு சுமார் 350 கிலோமீட்டர் தெற்கே இருக்கும் ஆஸ்திரேலியப் பகுதி இது. பரப்பளவு சுமார் 135 சதுர கிலோமீட்டர். 1643 கிறிஸ்துமஸ் நாளில் கப்பலில் கடந்துபோன ஆங்கிலேய மாலுமி வைத்த பெயர் அப்படியே நிலைத்துவிட்டது.

இது எலி இல்லையா?

இல்லை. பார்க்க எலி மாதிரி இருந்தாலும் மூஞ்சூறு கொறிக்கும் விலங்கு கிடையாது. பூச்சிகளைப் பிடித்துத் தின்னும் பாலூட்டி. நம்ம ஊர் வீடுகளில் சுவரோரமாக ஓடும் மூஞ்சூறும் இதுவும் ஒரே குடும்பம்தான்.

அழிவு எப்படி ஆரம்பித்தது?

1890களின் இறுதியில் ஆய்வாளர்கள் தீவுக்குப் போனபோது, இரவானால் காடு முழுக்க இதன் சத்தம்தான். வௌவால் கத்துவது போன்ற கீச்சுக் குரல்.

1900ஆம் ஆண்டு வாக்கில், கப்பலில் வந்த வைக்கோல் கட்டுகளோடு கருப்பு எலிகளும் தீவில் இறங்கின. கூடவே ஒரு ரத்த ஒட்டுண்ணியும் வந்தது. அந்த நோய்க்குப் பழக்கப்படாத, அந்தத் தீவில் மட்டுமே வாழ்ந்த 2 வகை எலிகள் சில ஆண்டுகளிலேயே அழிந்துபோயின. அருங்காட்சியகத்தில் இருந்த பழைய எலித் தோல்களின் டி.என்.ஏ.வை ஆராய்ந்து, 2008ல் இதை உறுதி செய்தார்கள். மூஞ்சூறுக்கும் இதே கதிதான் நேர்ந்திருக்கும் என்று கருதப்படுகிறது. 1908ல் அதுவும் அழிந்துவிட்டதாகவே முடிவு கட்டினார்கள்.

திரும்பி வந்தது எப்படி?

அங்கேதான் ட்விஸ்ட். சுமார் 50 வருடம் கழித்து, 1958ல் பாஸ்பேட் சுரங்கத்துக்காகக் காட்டை அழித்தபோது 2 மூஞ்சூறுகள் சிக்கின. அப்புறம் மறுபடியும் நீண்ட மௌனம்.

1984 இறுதியில் ஒரு பெண் மூஞ்சூறு உயிரோடு கிடைத்தது. கண்ணாடித் தொட்டியில் வைத்து, வெட்டுக்கிளிகளைப் போட்டு வளர்த்தார்கள். அதற்கு ஒரு ஜோடி கிடைக்குமா? 1985 மார்ச்சில் ஓர் ஆணும் கிடைத்தது! ஆனால் நோயுற்றிருந்த அது சில வாரங்களிலேயே இறந்துவிட்டது. பெண் மட்டும் ஏறக்குறைய ஒரு வருடம் தாக்குப்பிடித்தது. குட்டி எதுவும் பிறக்கவில்லை.

1908க்குப் பிறகு மனிதர்களிடம் சிக்கியவை மொத்தமே இந்த 4 தான்.

அறிவிக்க 40 வருடம் ஏன்?

கடைசி உயிரும் போய்விட்டது என்பதில் நியாயமான சந்தேகம் எதுவும் மிச்சமில்லை என்றால்தான் 'அழிந்துவிட்டது' என்று பட்டியலில் போடுவார்கள். ஏற்கெனவே ஒருமுறை கணக்குத் தப்பிய உயிரினம் இது. அவசரப்பட்டு அறிவித்தால் தேடுவதும் பாதுகாப்பதும் நின்றுபோகும். அதனால்தான் இவ்வளவு காத்திருப்பு. ஆனால், எத்தனையோ தேடல்களுக்குப் பிறகும் ஒன்றுகூடக் கண்ணில் படவில்லை.

இப்போது மிச்சம் என்ன?

இந்தத் தீவுக்கே உரிய பாலூட்டிகள் மொத்தம் 5. எலிகள் இரண்டும் போயின. சிறிய வௌவால் ஒன்று 2009 ஆகஸ்டில் கடைசியாகப் பதிவானது; 2017ல் அழிந்ததாக அறிவிக்கப்பட்டது. இப்போது மூஞ்சூறும் போய்விட்டது. மிஞ்சியிருப்பது பழந்தின்னி வௌவால் மட்டும்தான். அதுவும் ஆபத்தின் விளிம்பில் இருக்கிறது.

வெளியிலிருந்து வந்த பூனைகளும் 'மஞ்சள் கிறுக்கு எறும்பு' எனப்படும் எறும்புக் கூட்டங்களும் தீவின் உயிர்களை இன்றும் மிரட்டுகின்றன. அந்த ஐந்தாவது பாலூட்டியையாவது காப்பாற்ற முடியுமா என்பதுதான் இப்போதைய கேள்வி.