எங்கள் மாடித் தேன்கூடு

எலெக்ட்ரானிக் சிட்டியில் எங்கள் குடியிருப்பின் ஒன்பதாம் மாடியில் பெரிய தேன்கூடு ஒன்று தொங்குகிறது. “ஆப்பிரிக்கக் கொலைகாரத் தேனீ, மருந்தடிக்க வேண்டும்” என்கிறார்கள் சிலர்.

அந்தக் கதையே வேறு. 1956இல் வார்விக் கெர் என்பவர் ஆப்பிரிக்க ராணித் தேனீக்களைப் பிரேசிலுக்குக் கொண்டுவந்தார். 1957இல் 26 கூட்டங்கள் தப்பி, அங்கிருந்த ஐரோப்பியத் தேனீக்களோடு கலந்தன. அடிக்கடி கூட்டம் பிரிந்து பரவிய அக்கலப்பினம் 1990இல் டெக்சாஸை எட்டியது. அதன் விஷம் சாதாரணத் தேனீயின் விஷம்தான். கூட்டமாகத் துரத்துவதுதான் ஆபத்து.

எங்கள் மாடியில் இருப்பதோ நீலகிரிப் பாறைகளில் தொங்கும் அதே மலைத்தேனீ. தனி இனம், ஐரோப்பியத் தேனீயோடு கலக்காது. சீண்டினால் இதுவும் கூட்டமாகக் கொட்டும், சந்தேகமில்லை. இரவில் வெளிச்சத்தை நாடி வரும்; பால்கனி விளக்கை அணைத்து, பிள்ளைகளைக் கல்லெறிய விடாதிருந்தால் போதும். பூக்காலம் முடிந்தால் தானே இடம்பெயரும்.

வரும் குடியிருப்போர் கூட்டத்தில் மருந்தடிக்க என் ஓட்டு இல்லை.