எழுத்தின் மந்திரமும் நெசவாளியின் கடனும்

எழுதப்பட்ட சொல்லுக்கு உலகை மாற்றும் ஆற்றல் உண்டு என்னும் நம்பிக்கை தமிழர்க்குப் புதிதன்று. திருஞானசம்பந்தர் வைகையில் இட்ட ஏடு நீரோட்டத்தை எதிர்த்துச் சென்று திருவேடகத்தில் கரை சேர்ந்தது என்கிறது சைவ மரபு. செப்புத் தகட்டில் கட்டம் கீறி, எழுத்துகளைப் பொறித்து, வீட்டில் வைத்துப் பூசிப்போர் இன்றும் உள்ளனர். பகுத்தறிவு பேசுவோர் இவற்றைக் கண்டு நகைக்கக்கூடும். ஆனால், எழுதிய மாத்திரத்தில் மனிதரின் நிலையை மாற்றிவிடும் எழுத்து ஒன்று நம் ஊர்களில் நாள்தோறும் எழுதப்படுகிறது. அதன் பெயர் புரோநோட்டு.

ஒரு தாள், ஒரு ரெவின்யூ ஸ்டாம்பு, அதன்மேல் ஒரு கையெழுத்து. இதுவே அதன் சடங்கு. 1881-ஆம் ஆண்டின் மாற்றுமுறை ஆவணச் சட்டப்படி, கையெழுத்து மெய்யானால் பணமும் கைமாறியது என்றே நீதிமன்றம் முதலில் அனுமானிக்கும்; இல்லையென மெய்ப்பிக்கும் சுமை கையெழுத்திட்டவரைச் சாரும். ஸ்டாம்பு ஒட்டிய வெற்றுத் தாளில் கையெழுத்திட்டுக் கொடுத்தால், அதை நிரப்பிக்கொள்ளும் அதிகாரத்தையும் அச்சட்டத்தின் 20-ஆவது பிரிவு பெற்றவருக்கு அளிக்கிறது. எழுதாத எழுத்துக்கும் வலிமை உண்டு என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

ஆரணி வட்டாரத்துப் பட்டு நெசவில், சந்தவாசல் போன்ற ஊர்களில், இதன் பொருள் ஆழமானது. நூலும் ஜரிகையும் முதலாளியுடையவை, உழைப்பு நெசவாளியுடையது, சேலைக்கு இவ்வளவு கூலி என்பது ஏற்பாடு. திருமணம், மருத்துவம், மழைக்காலத்தில் தறிக்குழியில் நீர் ஊறி வேலை நின்றுபோதல் என்று தேவை வரும்போது நெசவாளி முதலாளியிடம் முன்பணம் பெறுகிறார். பெரும்பாலும் அதற்கு வட்டி இல்லை. வங்கிகள் எட்டிப்பார்க்காத இடத்தில் முதலாளி தரும் பணம் உதவிதான் என்பதையும் மறுப்பதற்கில்லை. ஆயினும், அந்தக் கடன் தீரும்வரை வேறு முதலாளியிடம் நெய்ய இயலாது. கூடுதல் கூலி கேட்கும் வலிமையும் குன்றிவிடுகிறது. வட்டியில்லாக் கடனுக்குப் பேரம் பேசும் உரிமையே வட்டியாகிறது.

இதற்கு எதிராக நாடாளுமன்றம் ஓர் எழுத்தை எழுதியது. 1976-ஆம் ஆண்டின் கொத்தடிமைத் தொழிலாளர் முறை ஒழிப்புச் சட்டம், முன்பணத்தின் பேரில் குறைந்தபட்சக் கூலிக்கும் கீழாக வேலை வாங்குவதையோ, வேறு வேலைக்குச் செல்லும் சுதந்திரத்தைப் பறிப்பதையோ கொத்தடிமை முறை என வரையறுத்தது. முன்பணம் எழுத்தில் இருந்தாலும் இல்லாவிட்டாலும் வேறுபாடில்லை. அத்தகைய கடன்கள் யாவும் அற்றுப்போயின என்றும், கடன் அவ்வகையன்று என்று மெய்ப்பிக்கும் பொறுப்பு கடன் கொடுத்தவருடையது என்றும் அச்சட்டம் கூறிற்று. எல்லா முன்பணமும் கொத்தடிமைக் கடனாகிவிடாது. சுதந்திரம் பறிபோகிறதா என்பதே உரைகல்.

இரண்டும் எழுத்துகளே. ஒன்று உடனே பலிக்கிறது. மற்றொன்று ஏன் தயங்குகிறது? சில சொற்கள் செய்தியைச் சொல்வதில்லை, செயலையே நிகழ்த்துகின்றன என்று 1955-இல் ஹார்வர்டில் விளக்கிய மெய்யியலாளர் ஜே.எல். ஆஸ்டின், உரியவர் உரிய சூழலில் சொன்னால்தான் அவை பலிக்கும் என்றார். புரோநோட்டின் பின்னே சாட்சியும் நீதிமன்றமும் ஊராரின் பேச்சும் நிற்கின்றன. 1976-ஆம் ஆண்டுச் சட்டத்தின் பின்னே நிற்க வேண்டியவர்கள் மாவட்ட ஆட்சியரும் கண்காணிப்புக் குழுக்களும். அதிகாரி நேரில் விசாரித்து விடுதலைச் சான்றில் கையொப்பமிடும்வரை, சட்டம் விடுவித்த மனிதர் நடைமுறையில் விடுபடுவதில்லை. ஒன்றிய அரசின் மறுவாழ்வுத் திட்டத்தில் விடுவிக்கப்பட்ட ஆண் தொழிலாளிக்கு ஒரு லட்சமும், பெண்களுக்கும் சிறார்க்கும் இரண்டு லட்சமும் உண்டு. அந்தத் தொகைக்கும் சான்றே திறவுகோல்.

ஆகவே, செய்ய வேண்டியவை எளியவை. முன்பணக் கணக்கு இரு படிகளில் எழுதப்பட்டு, ஒன்று நெசவாளியின் கையில் இருக்க வேண்டும். ஒவ்வொரு சேலைக்கும் கொடுத்த கூலியும் பிடித்த தொகையும் அதில் பதிவாக வேண்டும். வெற்றுத் தாளில் கையெழுத்திடும் வழக்கத்தை நெசவாளர் அமைப்புகள் துணிந்து எதிர்க்க வேண்டும். நெசவாளர்க்கான முத்ரா கடனும் கூட்டுறவுச் சங்கங்களின் கடனும் திருமணத்துக்கும் மருத்துவத்துக்கும் முதலாளியை நாடும் தேவையைக் குறைக்கும் அளவுக்கு உரிய நேரத்தில் கிடைக்க வேண்டும். கண்காணிப்புக் குழுக்கள் புகார் வரும்வரை காத்திராமல் தறிக்கூடங்களுக்குச் செல்ல வேண்டும்.

தகட்டின் எழுத்து பலிக்குமா என்பது அவரவர் நம்பிக்கை. சட்டத்தின் எழுத்து பலிப்பதும் பலிக்காததும் அதன் பின்னே யார் நிற்கிறார்கள் என்பதைப் பொறுத்தது.