தடுப்பாட்டக்காரரின் முதல் நொடி

அமெரிக்கக் கால்பந்து எனப்படும் விளையாட்டில் பந்தைக் காலால் உதைக்கும் தருணங்கள் குறைவு; இரு முனையும் கூம்பிய பந்தைக் கையில் ஏந்தி ஓடுவதும், தொலைவில் ஓடும் சக ஆட்டக்காரருக்கு எறிவதுமே அதன் பெரும்பகுதி. 100 கெஜம் நீளமுள்ள களத்தில் அணிக்கு 11 பேர் இறங்க, பந்தை வைத்திருக்கும் தாக்கும் அணி நான்கு முயற்சிகளுக்குள் குறைந்தது 10 கெஜம் முன்னேற வேண்டும். முன்னேறினால் அதற்கு மீண்டும் நான்கு முயற்சிகள் கிடைக்கும், தவறினால் பந்து எதிரணிக்குப் போய்விடும். எதிரணியின் எல்லைக்கோட்டைப் பந்துடன் கடப்பது டச்டவுன் ஆகும். அதற்கு 6 புள்ளிகள். புள்ளி சேர்க்கும் பணி தாக்கும் அணியுடையது என்பதால் புகழும் பெரும்பாலும் அதன் பக்கமே சேர்கிறது. அந்த முன்னேற்றத்தை மறிப்பதையே தொழிலாகக் கொண்ட தடுப்பாட்டக்காரரின் திறமை, கூர்ந்து நோக்குவோர்க்கு மட்டுமே புலப்படும் தன்மையுடையது. அத்திறமை எத்தகையது என்பதை மினசோட்டா வைக்கிங்ஸ் அணியின் ஆலன் பேஜ் வாழ்விலிருந்து அறிவதைப் போல வேறொருவரின் வாழ்விலிருந்து அறிவது கடினம்.

தடுப்பு அணி பொதுவாக மூன்று அடுக்குகளாக நிற்கும். எதிரணியின் முன்வரிசைக்கு முகத்துக்கு முகம் நிற்போர் தடுப்பு வரிசையினர்; அவர்களுக்குப் பின்னால் லைன்பேக்கர்கள்; அவர்களுக்கும் பின்னால், எறியப்படும் பந்தைப் பறிக்கவும் தட்டிவிடவும் காத்திருக்கும் பின்காவலர்கள். பேஜின் காலத்தில் தடுப்பு வரிசையில் நால்வர் நிற்பது வழக்கமாக இருந்தது. அந்நால்வரில் இரு ஓரங்களிலும் நிற்பவர்கள் எண்டு எனவும், நடுவில் நிற்கும் இருவர் டாக்கிள் எனவும் பெயர் பெறுவர். நடுவில் நிற்பவருக்கு எதிரே கார்டு, சென்டர் ஆகிய இடங்களில் மிகக் கனமான உடல்கொண்டோர் நிற்பதாலும், ஒரே சமயத்தில் இருவர் சேர்ந்து அவரை முட்டித் தள்ளுவது அன்றாட நிகழ்வு என்பதாலும், டாக்கிள் என்பவர் இடம்பெயராத பாறையாக நின்றால் போதும் என்னும் கருத்து நெடுங்காலம் நிலவியது.

ஆனால் அவ்விடத்தின் உண்மையான சிக்கல் எடையில் இல்லை, நேரத்தில் இருக்கிறது. சென்டர் பந்தைத் தரையிலிருந்து தன் கால்களுக்கிடையே பின்னோக்கித் தரும் கணத்தில் ஆட்டம் தொடங்குகிறது. அதைப் பெறுபவர் தாக்கும் அணியை இயக்கும் குவார்ட்டர்பேக். பந்தை ஓட்டக்காரரிடம் கொடுப்பதா, எறிவதா என்பதைச் செயலாக்கும் அவருக்குப் பல வேளைகளில் மூன்று நொடிக்கும் குறைவான அவகாசமே உண்டு. எந்தக் குரலுக்குப் பந்து நகரும் என்பது தாக்கும் அணியினர் அனைவருக்கும் முன்கூட்டியே தெரியும், தடுப்பாட்டக்காரருக்குத் தெரியாது. முந்திக்கொண்டு, இரு அணிகளையும் பிரிக்கும் தொடக்கக் கோட்டைத் தாண்டினால் 5 கெஜம் தண்டனை. ஒரு கண்ணிமைப்புப் பிந்தினாலோ எதிராளியின் கைகள் மார்பில் ஊன்றிவிடும். ஆகவே ஒரு கையைத் தரையில் ஊன்றி, இடுப்பை உயர்த்தி, உடல் முழுவதும் முன்னோக்கிச் சாய்ந்திருக்க அமரும் தடுப்பு வீரர், ஏமாற்றுவதற்கென்றே ஏற்றி இறக்கி ஒலிக்கப்படும் குவார்ட்டர்பேக்கின் குரலைப் பொருட்படுத்தாமல், பந்தின் அசைவை மட்டுமே கண்ணில் நிறுத்தப் பழக வேண்டியிருக்கிறது.

பாய்ந்தபின் வருவது வாசிப்பு. எதிரே நிற்கும் கார்டு முன்னோக்கி முட்டினால் அது ஓட்டமாக இருக்கலாம். அவர் பின்வாங்கி நிமிர்ந்தால் பந்து எறியப்படப் போகிறது. பக்கவாட்டில் விலகி ஓடினால், பந்தும் அத்திசையில் செல்ல வாய்ப்பு மிகுதி. இவற்றுள் எதுவும் உறுதியான சான்று அன்று, ஏனெனில் தடுப்பாட்டக்காரர் இவ்வாறு வாசிக்கிறார் என்பது எதிரணிக்கும் தெரியும். அவரை வேண்டுமென்றே உள்ளே விட்டுப் பக்கவாட்டிலிருந்து மோதி, அவர் விட்டுவந்த வெற்றிடத்தின் வழியே ஓட்டக்காரரை அனுப்பும் பொறி ஆட்டம் பழமையான உத்தி. இதனால் தடுப்பு வரிசையில் இரு வேறு கோட்பாடுகள் வளர்ந்தன. எதிராளியைப் பிடித்து நிறுத்தி, அவருடைய இரு பக்க இடைவெளிகளையும் காப்பது ஒன்று; ஓர் இடைவெளியைத் தேர்ந்துகொண்டு அதனூடே பாய்ந்து எதிரணியின் திட்டத்தையே குலைப்பது மற்றொன்று. முதலாவதில் தவறு குறைவு, ஆதாயமும் குறைவு. இரண்டாவதற்குத் தேவையான வேகமும் கணிப்பும் ஒருவரிடத்தில் ஒருங்கே அமைவது அரிது. அமைந்தால் ஆட்டத்தின் போக்கே மாறும் என்பதைப் பேஜ் நிறுவினார்.

1945 ஆகஸ்ட் 7 அன்று ஒஹையோ மாநிலத்தின் கேன்டன் நகரில் அவர் பிறந்தார். பின்னாளில் என்.எஃப்.எல். எனப் பெயர் பெற்ற தொழில்முறைக் கூட்டமைப்பு 1920இல் உருவான ஊர் அது. அதனாலேயே தொழில்முறைக் கால்பந்தின் புகழ்மண்டபமும் அங்கு எழுப்பப்பட்டு 1963இல் திறக்கப்பட்டது. பள்ளி மாணவராக இருந்த பேஜ் அக்கட்டுமானப் பணியில் கூலியாளாக வேலை செய்தார் என்பதும், 1988இல் அதே மண்டபத்தில் அவருக்கு இடமளிக்கப்பட்டது என்பதும் அவர் வரலாற்றில் மறவாமல் குறிப்பிடப்படுபவை. நாட்டர் டேம் பல்கலைக்கழகத்தில் எண்டு இடத்தில் ஆடி, 1966இல் தேசிய வெற்றி பெற்ற அணியில் இடம்பெற்ற அவர், அரசியல் அறிவியலில் பட்டம் பெற்றார். கல்லூரி வீரர்களைத் தொழில்முறை அணிகள் முறைவைத்துத் தேர்ந்தெடுக்கும் 1967ஆம் ஆண்டின் தேர்வில், முதற்சுற்றிலேயே 15ஆவது ஆளாக வைக்கிங்ஸ் அணி அவரைப் பெற்றுக்கொண்டது. அங்கே அவர் எண்டு இடத்திலிருந்து டாக்கிள் இடத்துக்கு மாற்றப்பட்டார்.

193 செ.மீ. உயரமும் ஏறத்தாழ 111 கிலோ எடையும் கொண்ட பேஜ், அக்கால அளவிலும் டாக்கிள் இடத்துக்குச் சற்று இலேசானவரே. அக்குறையைத் தன் முதல் அடியின் வேகத்தால் ஈடுசெய்தார் என்று சொல்வதைவிட, அவ்வேகமே அவ்விடத்தின் இலக்கணத்தை மாற்றியது என்று சொல்வதே பொருந்தும். கார்டு கைகளை உயர்த்துமுன் அவர் தோளைக் கடந்துவிடும் ஒருவரை எடையால் மறிக்க இயலாது. அவர் தனித்து இயங்கவில்லை என்பதையும் இங்கே கருத வேண்டும். இடது ஓரத்தில் கார்ல் எல்லர், நடுவில் கேரி லார்சன், பேஜ், வலது ஓரத்தில் ஜிம் மார்ஷல் என அமைந்த அந்த நால்வரணி, ஊதா நிறச் சீருடையாலும் 1958இல் வெளிவந்த ஒரு வேடிக்கைப் பாடலாலும் 'பர்ப்பிள் பீப்பிள் ஈட்டர்ஸ்' என்னும் பட்டப்பெயர் பெற்றது. மூவர் பாய்ந்து செல்லும்போது லார்சன் தன் இடத்திலேயே நின்று ஓட்டத்துக்குக் காவலிருந்தார். அவர் நின்றதால்தான் ஏனையோர் பாய முடிந்தது. வெப்பமூட்டிகளுக்குக்கூடக் களத்தோரத்தில் இடம் தராத பயிற்சியாளர் பட் கிராண்ட், மினசோட்டாவின் உறைபனியில், கூரையற்ற அரங்கில் அவர்களை ஆடவைத்தார். 1969இல் 14 ஆட்டங்களில் எதிரணிகள் மொத்தம் 133 புள்ளிகளும், 1971இல் அதே 14 ஆட்டங்களில் 139 புள்ளிகளும் மட்டுமே பெற முடிந்தது. அதாவது ஆட்டத்துக்குப் பத்துக்கும் குறைவு.

1971ஆம் ஆண்டின் முடிவில் அசோசியேட்டட் பிரஸ் நிறுவனம் வழங்கும், பருவத்தின் மிகச் சிறந்த ஆட்டக்காரருக்கான விருது பேஜுக்குக் கிடைத்தது. அதுவரை குவார்ட்டர்பேக்குகளுக்கும் ஓட்டக்காரர்களுக்குமே சென்றுவந்த அவ்விருதைப் பெற்ற முதல் தடுப்பாட்டக்காரர் அவரே. அவருக்குப்பின் அதனைப் பெற்ற மற்றொரு தடுப்பாட்டக்காரர் 1986இல் ஆடிய லைன்பேக்கர் லாரன்ஸ் டெய்லர் ஒருவர்தான். எனினும் வைக்கிங்ஸ் அணி பேஜின் காலத்தில் இறுதிப்போட்டியான சூப்பர் பௌலை 1970, 1974, 1975, 1977 ஆகிய ஆண்டுகளின் ஜனவரியில் நான்கு முறை எட்டியும் நான்கிலும் தோற்றது.

தடுப்பாட்டத்தை அளப்பது எளிதன்று என்பதற்கு அவரது கணக்கேடே சான்று. பந்தை எறியுமுன் குவார்ட்டர்பேக்கைத் தொடக்கக் கோட்டுக்குப் பின்னாலேயே வீழ்த்துவது சேக் எனப்படும். தடுப்பு வரிசையினரின் மதிப்பை நிறுக்க இன்று முதலில் எடுத்துக்காட்டப்படும் எண் அதுவே. ஆனால் அதனைத் தனிவீரரின் அதிகாரபூர்வக் கணக்காக என்.எஃப்.எல். ஏற்றுக்கொண்டது 1982இல், பேஜ் கடைசியாக ஆடிய பருவம் 1981. எனவே பழைய ஆட்டப் பதிவுகளை ஆராய்ந்தோர் அவருக்கு வகுத்துத் தந்த 148½ சேக்குகள் அதிகாரபூர்வப் பட்டியலுக்கு வெளியே நிற்கின்றன. அவர் குறுக்கிட்டு மறித்த உதைகள் 28 எனக் கணக்கிடப்படுகிறது. நடுவரிசையைப் பிளந்து உட்புகுந்து, உதைக்கப்பட்ட பந்து மேலெழும் கணத்திலேயே கையால் மறிப்பது இது. இவற்றினும் வியப்பானது, 15 பருவங்களில் 218 ஆட்டங்களை ஒன்றுகூடத் தவறாமல் ஆடியது. ஒவ்வோர் ஆட்டத்திலும் பல பத்து முறை மோதலுக்கு உள்ளாகும் இடத்தில் இது எளிதில் நம்பத்தக்க செய்தி அன்று.

அம்மோதல்களின் இயல்பும் அப்போது கடுமையானது. எதிராளியின் தலைக்கவசத்தின் பக்கவாட்டில் உள்ளங்கையால் அறைந்து அவரை ஒரு கணம் நிலைகுலையச் செய்யும் உத்தி, லாஸ் ஏஞ்சலிஸ் ராம்ஸ் அணியின் டீக்கன் ஜோன்ஸால் புகழ்பெற்று, 1977இல் தடைசெய்யப்படும்வரை விதிக்கு உட்பட்டதாகவே இருந்தது. 1978இல், பந்து எறியப்படும் ஆட்டங்களில் தாக்கும் அணியின் முன்வரிசையினர் கைகளை நீட்டி விரித்த உள்ளங்கையால் மறிக்கலாம் என விதி தளர்த்தப்பட்டதால், தடுப்பாட்டக்காரரின் வேலை மேலும் கடினமாயிற்று. அதன்பின் இரு பக்கத்து முன்வரிசைகளிலும் உடல்கள் பருத்துக்கொண்டே வந்து, இன்று டாக்கிள் இடத்தில் 136 கிலோ என்பது இயல்பான எடையாகிவிட்டது. தலையில் மீண்டும் மீண்டும் விழும் அடிகள் மூளையைப் பல ஆண்டுகள் கழித்துச் சிதைக்கக்கூடும் என்பதை, முன்வரிசை வீரர் மைக் வெப்ஸ்டரின் மூளையை ஆராய்ந்து மருத்துவர் பென்னட் ஒமாலு 2005இல் வெளியிட்ட ஆய்வு உணர்த்தியது. பேஜின் தலைமுறையினர் இந்த அறிவு எதுவுமின்றியே ஆடினர்.

உடலை நம்பிய தொழில் என்றைக்கும் நிலைக்காது என்பதைப் பேஜ் ஆட்டத்தின் உச்சத்திலேயே அறிந்திருந்தார். ஆட்டக்காரர் சங்கத்தில் தன் அணியின் பிரதிநிதியாகவும் செயற்குழு உறுப்பினராகவும் பணியாற்றியபோது, ஆட்டக்காரரின் உரிமைகள் ஒப்பந்தச் சொற்களில் எவ்வாறு கட்டுண்டு கிடக்கின்றன என்பதை அருகிலிருந்து கண்டார். முன்னர் ஒருமுறை சட்டக் கல்லூரியில் சேர்ந்து சில வாரங்களில் விலகியவர், 1975இல் மினசோட்டா பல்கலைக்கழகச் சட்டப்பள்ளியில் சேர்ந்து, ஆடிக்கொண்டே படித்து 1978இல் பட்டம் பெற்றார். இதே காலத்தில் நெடுந்தொலைவு ஓட்டத்தில் அவருக்கு ஈடுபாடு மிகுந்தது. எடை 102 கிலோ அளவுக்கு இறங்கியது. அந்த எடையில் டாக்கிளாக ஆட இயலாது என்று கருதிய வைக்கிங்ஸ் அணி 1978 பருவத்தின் நடுவே அவரை விடுவித்தது. விடுவிக்கப்பட்ட வீரரை ஏற்பதற்கான 100 டாலர் கட்டணத்தைச் செலுத்தி அவரை எடுத்துக்கொண்டது சிகாகோ பேர்ஸ் அணி. அங்கே தடுப்பாட்டப் பயிற்சியாளராக இருந்தவர், முன்பு மினசோட்டாவில் பேஜைப் பயிற்றுவித்த படி ரயன். கனம் குறைந்துவிட்டது என்று கைவிடப்பட்ட வீரர் அடுத்த மூன்றரைப் பருவங்களில் 40 சேக்குகளைச் சேர்த்தார். 1979இல் முழு மாரத்தான் ஓட்டத்தை நிறைவுசெய்து, ஆடிக்கொண்டிருக்கும்போதே அதைச் செய்த முதல் என்.எஃப்.எல். வீரர் என்னும் பெயரையும் பெற்றார். எடையைப் பற்றிய அந்த மதிப்பீடு பிழையானது என்றே முடிவுசெய்யத் தோன்றுகிறது.

ஆட்டத்தை விட்டபின் சில ஆண்டுகள் வழக்கறிஞராகவும், பின்னர் மினசோட்டா மாநிலத்தின் உதவித் தலைமை வழக்கறிஞராகவும் பணியாற்றினார். அம்மாநில உயர்மட்ட நீதிமன்றமாகிய உச்ச நீதிமன்றத்தின் நீதிபதிகள் மக்கள் வாக்கால் தேர்ந்தெடுக்கப்பட வேண்டியவர்கள். நடைமுறையிலோ, இடைக்காலத்தில் ஆளுநர் நியமிப்பவர்களே பெரும்பாலும் தொடர்வர். 1992இல் ஒரு நீதிபதியின் பதவிக்காலத்தை ஆளுநர் ஆர்னி கார்ல்சன் நீட்டித்ததால் தேர்தலே நடவாத நிலை ஏற்பட, பேஜ் வழக்குத் தொடுத்தார். தொடர்புடைய நீதிமன்றமே அவ்வழக்கைக் கேட்பது முறையாகாது என்பதால் மாற்று நீதிபதிகள் அமர்ந்து விசாரித்து, தேர்தல் நடத்தப்பட வேண்டும் எனத் தீர்ப்பளித்தனர். அத்தேர்தலில் வென்று 1993 ஜனவரியில் பதவியேற்ற அவர், அந்நீதிமன்றத்தின் முதல் கறுப்பின நீதிபதி ஆனார். 1998, 2004, 2010 ஆகிய தேர்தல்களிலும் வென்று, 70 வயதில் ஓய்வு கட்டாயம் என்னும் விதிப்படி 2015இல் விலகினார்.

புகழ்மண்டபத்தில் இடம்பெற்ற நாளில் தன்னை அறிமுகப்படுத்த அவர் அழைத்தது பயிற்சியாளரையோ சக வீரரையோ அன்று, மினியாபொலிஸ் பள்ளித் தலைமையாசிரியர் வில்லரீன் பீஸ்லியை. அவரது உரையும் கல்வியைப் பற்றியதாகவே அமைந்தது. அதே 1988இல் மனைவி டயானுடன் அவர் தொடங்கிய பேஜ் கல்வி அறக்கட்டளை, நிறவேற்றுமையால் வாய்ப்பிழந்த சமூகங்களின் மாணவர்க்கு உயர்கல்வி உதவித்தொகை வழங்குகிறது. பெறுவோர் தம்மினும் இளைய பள்ளிப் பிள்ளைகளுக்குப் பாடம் கற்பித்து வழிகாட்ட வேண்டும் என்பது அதன் நிபந்தனை. மோதல்களில் மூட்டு விலகி, ஏறத்தாழச் செங்கோணமாகப் பக்கவாட்டில் வளைந்து நிற்கும் அவரது சிறுவிரலைப் பற்றிப் பிள்ளைகள் கேட்ட கேள்விகளிலிருந்து, ஆசிரியையான மகள் கேமியுடன் சேர்ந்து அவர் ஒரு சிறுவர் நூலும் எழுதினார். மினியாபொலிஸ் நகரில், 1862இல் சூ பழங்குடியினரை அழித்தொழிக்க வேண்டும் அல்லது மாநிலத்தைவிட்டே துரத்த வேண்டும் என அறிவித்த ஆளுநர் அலெக்சாண்டர் ராம்சியின் பெயரைத் தாங்கியிருந்த நடுநிலைப் பள்ளி ஒன்றின் மாணவர்கள், அப்பெயரை மாற்றக் கோரி முயன்று வெற்றி பெற்றனர். 2017 முதல் அதன் பெயர் ஜஸ்டிஸ் பேஜ் நடுநிலைப் பள்ளி.