காலண்டர் நின்றுபோன அறைக்குள்ளே!

சத்தம் போடாமல் வாருங்கள். கதவு ஒருக்களித்துத்தான் இருக்கிறது, நழுவி உள்ளே போய்விடலாம். இடம் பிரஸ்ஸல்ஸ், காலம் 1961 டிசம்பரின் கடைசி நாட்கள். வெளியே நிருபர்கள் குளிரில் கையைத் தேய்த்துக்கொண்டு நிற்பார்கள். அவர்களுக்குக் கிடைக்காத காட்சி நமக்குக் கிடைக்கப்போகிறது! கற்பனைதான் நம் நுழைவுச்சீட்டு. அதைக் கையில் வைத்துக்கொண்டு, நிஜமாகவே நடந்த ஒரு பேச்சுவார்த்தைக்குள் நுழைகிறோம். ஐரோப்பாவின் ஆறு நாடுகள் தங்கள் விவசாயத்தை ஒன்றாகக் கோக்க முடியுமா என்று மல்லுக்கட்டும் அறை இது.

அடேயப்பா, எவ்வளவு காகிதம்! கால் வைக்கவே இடமில்லை. இந்த ஒரு பேச்சுவார்த்தைக்காக மட்டும் 5,82,000 பக்கங்கள் தயாராயின என்று கணக்கு எழுதி வைத்திருக்கிறார்கள். ஜெர்மன், பிரெஞ்சு, இத்தாலியன், டச்சு என்று நான்கு மொழிகள், எனவே ஒவ்வொரு ஆவணத்துக்கும் நான்கு பிறவி. உரைபெயர்ப்பாளர்களை நினைத்துப் பாருங்கள். நள்ளிரவு தாண்டிய பிறகு ஓர் அமைச்சர் கோழி இறைச்சி வரியைப் பற்றிக் கொட்டாவிக்கு நடுவே எதையோ முணுமுணுப்பார். அதை அப்போதே, அடுத்தவருக்குக் கோபம் வராத விதத்தில், இன்னொரு மொழியில் சொல்லியாக வேண்டும். நாளைக்குப் பத்திரிகையில் அவர்கள் பெயர் வராது. இந்த அறையோ அவர்கள் தொண்டையை நம்பித்தான் ஓடிக்கொண்டிருக்கிறது.

இப்போது மேஜைப் பக்கம் பாருங்கள். அதோ, வழுக்கைத் தலையும் வாட்டசாட்டமான உடம்புமாக உட்கார்ந்திருக்கிறாரே, அவர்தான் சிக்கோ மான்ஸ்ஹோல்ட். வயது 53. டச்சுக்காரர், ஆனால் இங்கே நெதர்லாந்துக்காகப் பேச வரவில்லை. ஐரோப்பியப் பொருளாதாரச் சமூகத்தின் ஆணையத்தில் துணைத் தலைவர், விவசாயம் அவர் பொறுப்பு. சுற்றியிருக்கும் அமைச்சர்கள் ஆளுக்கொரு நாட்டைத் தோளில் சுமக்கிறார்கள். இவர் சுமப்பது ஆறு நாடுகளையும் சேர்த்து!

பிரான்சுக்குத் தன் தானியத்தை அண்டை நாடுகளில் விற்க வேண்டும். ஜெர்மனிக்குத் தன் விவசாயி வாங்கிக்கொண்டிருக்கும் உயர்ந்த விலை குறைந்துவிடக் கூடாது. இத்தாலிக்குப் பழமும் காய்கறியும் முக்கியம். பிரான்சின் விவசாய அமைச்சர் எட்கார் பிசானி பதவிக்கு வந்து சில மாதங்கள்தான் ஆகின்றன, ஆனாலும் பிடி தளரவில்லை. விவசாயத்தில் முடிவு வராவிட்டால் ஆறு நாடுகளும் சேர்ந்து கட்டிவரும் பொதுச்சந்தையின் அடுத்த கட்டத்துக்கு நகரவே முடியாது என்று பிரான்ஸ் ஒற்றைக் காலில் நிற்கிறது. ஒப்பந்தப்படி முதல் கட்டம் முடிய வேண்டிய நாள் டிசம்பர் 31.

நான் இதற்காகத்தான் உங்களை இழுத்து வந்தேன். டிசம்பர் 31 வந்துவிட்டது, முடிவு வரவில்லை. என்ன செய்தார்கள் தெரியுமா? கடிகாரத்தையே நிறுத்திவிட்டார்கள்! அதாவது, முடிவு எட்டும் வரை சட்டப்படி டிசம்பர் 31 முடியவில்லை என்று வைத்துக்கொண்டார்கள். ஊரெல்லாம் புத்தாண்டு வாழ்த்துச் சொல்லி வாரக்கணக்காகிவிட்டது. இவர்களோ ஜனவரி நடுவிலும் பழைய ஆண்டின் கடைசி நாளிலேயே உட்கார்ந்திருக்கிறார்கள். பெரிய மனிதர்கள் ஒன்றுகூடிக் காலண்டரை ஏமாற்றும் அழகைப் பார்த்தால் எனக்குக் கைதட்டத் தோன்றுகிறது.

நாம் பார்ப்பது கல்யாண வீட்டின் பின்கட்டு மாதிரி. பந்தியில் இலை போட்டு உட்கார்ந்தவர்களுக்குப் பாயசம் தெரியும், அடுப்படியின் வியர்வை தெரியாது. இங்கே சிந்திய வியர்வைக்குக் கணக்கு உண்டு: 45 கூட்டங்கள், அவற்றில் 7 இரவுக் கூட்டங்கள். 137 மணி நேரப் பேச்சு. துணைக்குழுக்களில் மேலும் 214 மணி நேரம். அதே பட்டியலின் கடைசி வரியில் மாரடைப்பு 3 என்று இருக்கிறது. முட்டைக்கும் கோதுமைக்கும் விலை பேசப் போன மனிதர்கள் ஆஸ்பத்திரி வரை போயிருக்கிறார்கள். அந்த வரிக்கு வந்ததும் என் சிரிப்பு சட்டென்று நின்றது.

எல்லோரும் சோர்ந்து போகும் நேரத்தில்தான் மான்ஸ்ஹோல்டின் ஆட்டம் சூடு பிடிக்கிறது. அவருக்கு ஓட்டு கிடையாது. ஆனால் மேஜைமேல் இருக்கும் முன்மொழிவு ஆணையத்துடையது. அதை ஆணையம் எப்போது வேண்டுமானாலும் மாற்றலாம், அமைச்சர்கள் மாற்ற வேண்டுமென்றால் ஆறு பேரும் ஒத்துப்போக வேண்டும். ஆகவே அவர் ஒவ்வொருவரும் எங்கே முகம் சுளிக்கிறார், எங்கே மௌனமாகிறார் என்று கவனிக்கிறார். இடைவேளையில் தன் அதிகாரிகளைக் கூட்டி வைத்துக் கணக்கைத் திருத்துகிறார். திரும்பி வரும்போது எல்லாவற்றையும் ஒரே பொட்டலமாகக் கட்டிக் கொண்டுவருகிறார். உனக்கு இது, அவருக்கு அது. எடுத்தால் முழுசாக எடுக்க வேண்டும், ஒன்றை மட்டும் பிரித்துக்கொண்டு போக முடியாது. அடடா, என்ன கெட்டிக்காரத்தனம்!

1962 ஜனவரி 14, அதிகாலை. முடிந்தது! தானியம், பன்றி இறைச்சி, முட்டை, கோழி, பழம், காய்கறி, திராட்சை மது என எல்லாவற்றுக்கும் ஆறு நாடுகளும் பொது விதிகளை ஏற்றுக்கொண்டன. பொது விவசாயக் கொள்கை என்ற மாபெரும் கட்டடத்துக்கு அஸ்திவாரம் விழுந்தது. டிசம்பர் 31-ம் ஒரு வழியாக முடிந்தது.

இந்த மனிதருக்கு இவ்வளவு பொறுமை எங்கிருந்து வந்தது? இன்னும் கொஞ்சம் உள்ளே போவோம், ஒப்பனை அறை வரைக்கும். 1908-ல் குரோனிங்கன் மாநிலத்தின் உல்ரும் கிராமத்தில், சோஷலிசம் பேசும் விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர். இளைஞராக ஜாவாவுக்குப் போய்த் தேயிலைத் தோட்டத்தில் வேலை பார்த்தார். காலனி ஆட்சியின் போக்கு பிடிக்காமல் 1936-ல் ஊர் திரும்பினார். அடுத்த ஆண்டு வீரிங்கர்மேர் என்ற புது நிலத்தில் பண்ணை எடுத்தார். அது கடலை அணை கட்டி மறித்து, தண்ணீரை இறைத்து, 1930-ல் வெளியே கொண்டுவந்த மண். சில ஆண்டுகளுக்கு முன் மீன் நீந்திய இடத்தில் ஏர் ஓட்டினார்!

போர் வந்தது. ஜெர்மன் ஆக்கிரமிப்புக் காலத்தில் எதிர்ப்பு இயக்கத்தில் இறங்கி, தலைமறைவாக இருந்தவர்களுக்குத் தன் பண்ணையில் இடம் கொடுத்தார். 1945 ஏப்ரல் 17 அன்று ஜெர்மன் படை அணையை வெடிவைத்துத் தகர்த்தது. வயலும் வீடும் தண்ணீருக்குள் போயின. நாட்டின் மேற்குப் பகுதியோ அதற்கு முந்தைய குளிர்காலத்தில் பசியால் செத்துக்கொண்டிருந்தது. அந்த ஆண்டு ஜூனில் 36 வயதுக்காரரான மான்ஸ்ஹோல்ட், விவசாயம், மீன்வளம், உணவு வழங்கல் ஆகியவற்றின் அமைச்சராகப் பதவியேற்றார். 1958-ல் பிரஸ்ஸல்ஸ் கிளம்பும்வரை, அமைச்சரவைகள் மாறினாலும் அந்த நாற்காலியில் அவரே இருந்தார். இப்போது புரிகிறதல்லவா? பசியைப் பார்த்தவருக்கு முட்டை வரி அற்ப விஷயமாகத் தெரியாது. அதற்காக விடிய விடிய உட்கார்ந்திருக்க முடியும்.

அடுத்த காட்சிக்கு ஓடுவோம், இதை விட்டால் கிடைக்காது! 1971 பிப்ரவரி, மறுபடியும் பிரஸ்ஸல்ஸ், மறுபடியும் விவசாய அமைச்சர்களின் கூட்டம். கதவு திறக்கிறது. உள்ளே வருவது பசுமாடுகள்! மூன்று நிஜப் பசுக்களை விவசாயிகள் கூட்ட அறைக்குள்ளேயே ஓட்டிக்கொண்டு வந்துவிட்டார்கள். கோட்டு சூட்டு, கோப்புகள், நடுவில் கொம்பும் வாலும்! அந்தக் கூட்டத்தின் குறிப்பேட்டை எழுதியவர் எப்படித்தான் எழுதினாரோ!

கோபத்துக்குக் காரணம் இருந்தது. பொது விவசாயக் கொள்கையோடு விலை உத்தரவாதம் வந்ததும் உற்பத்தி பெருகி, வெண்ணெய் மலையாகக் குவிந்தது. விலையை மட்டும் உயர்த்திக்கொண்டே போனால் சிறு விவசாயி பிழைக்க மாட்டார் என்று மான்ஸ்ஹோல்ட் முடிவுக்கு வந்தார். 1968 டிசம்பரில் ஒரு திட்டத்தை மேஜைமேல் வைத்தார். பண்ணைகள் பெரிதாக வேண்டும், 1980-க்குள் ஏறக்குறைய 50 லட்சம் பேர் விவசாயத்தை விட்டு வேறு வேலைக்கோ ஓய்வுக்கோ போக வேண்டும், அவர்களுக்கு உதவித்தொகையும் பயிற்சியும் கொடுக்க வேண்டும் என்றார். தானும் ஒரு விவசாயி என்பதால் உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்று நினைத்தார். கேட்டவர்களுக்கோ அது இடியாக இறங்கியது. 1971 மார்ச்சில் பிரஸ்ஸல்ஸில் திரண்ட பெரும் விவசாயிகள் பேரணி கலவரமாகி, ஓர் உயிர் போனது. திட்டத்தில் பெரும்பகுதி கைவிடப்பட்டு, சுருங்கிய வடிவம்தான் பிறகு சட்டமானது.

கிளம்பிவிடாதீர்கள், எனக்கு மிகவும் பிடித்த திருப்பம் இனிமேல்தான். 1972-ன் தொடக்கத்தில், வளர்ச்சியின் எல்லைகளைப் பற்றி ரோம் கிளப் என்ற சிந்தனையாளர் குழுவுக்காக நடந்த ஆய்வின் முடிவுகள் அவர் கைக்கு வந்தன. படித்தார், அதிர்ந்தார், ஆணையத் தலைவருக்கு நீண்ட கடிதம் எழுதினார். வளர்ச்சியை மட்டும் குறியாகக் கொள்ளக் கூடாது, இயற்கை வளத்தைக் காக்க வேண்டும் என்றார். அடுத்த சில வாரங்களில் அவரே ஆணையத்தின் தலைவரானார், 1973 ஜனவரி வரை. விளைச்சலைப் பெருக்குவதற்காக உழைத்தவர், 1995-ல் மறையும்வரை, மண்ணைக் கெடுக்காத விவசாயத்துக்காக வாதாடினார். தன் கையால் கட்டியதை மாற்றுங்கள் என்று சொல்ல எத்தனை அரசியல்வாதிகளுக்கு மனசு வரும்?

இன்றும் ஐரோப்பிய ஒன்றியத்தின் பட்ஜெட்டில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு விவசாயக் கொள்கைக்குப் போகிறது. 2024 பிப்ரவரியில் டிராக்டர்கள் பிரஸ்ஸல்ஸ் வீதிகளை அடைத்தது நினைவிருக்கும். இனி அப்படி ஒரு செய்தி வந்தால் டிராக்டரை மட்டும் பார்த்துவிட்டு விட்டுவிடாதீர்கள். உள்ளே யார் தூங்காமல் உட்கார்ந்திருக்கிறார், யார் பொட்டலம் கட்டுகிறார், நாற்காலியை விட்டு எழ மறுப்பவர் யார் என்று தேடுங்கள். விவசாயியின் அடுத்த ஆண்டுப் பிழைப்பு பெரும்பாலும் அவர்கள் கையில்தான் இருக்கும்!