உங்களுக்குத் தெரியுமா? 50 லட்சம் வாங்கினால் 1 கோடியே 4 லட்சம்!

கால்குலேட்டரை எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். இன்று முழுக்க வீட்டுக்கடன் கணக்குதான். கடன் 50 லட்சம் ரூபாய். வட்டி 8.5 சதவீதம். கெடு 20 ஆண்டு. வேறு எண் சொல்லாத இடத்தில் எல்லாம் இதே கணக்குதான். ஒவ்வொன்றையும் போட்டுச் சரிபார்த்துத்தான் தருகிறேன். ஆரம்பிக்கலாமா?

மாதத் தவணை 43,391 ரூபாய். மொத்தம் 240 தவணை. பெருக்கிப் பாருங்கள். 1 கோடியே 4 லட்சத்து 13 ஆயிரத்துச் சொச்சம்! இதில் வட்டி மட்டும் 54 லட்சத்து 14 ஆயிரம். அசலை வட்டி முந்திவிட்டது!

கடன் வாங்கிய முதல் நாளின் வட்டி எவ்வளவு தெரியுமா? 1,164 ரூபாய். நீங்கள் படுத்துத் தூங்கி எழுந்திருக்கும் 8 மணி நேரத்துக்கு மட்டும் 388 ரூபாய்!

முதல் தவணையைப் பிரித்துப் பார்த்திருக்கிறீர்களா? 43,391 ரூபாயில் வட்டிக்குப் போவது 35,417. அசலில் கழிவது 7,974 ரூபாய்தான்!

முதல் ஆண்டு முழுக்க ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டுகிறீர்கள். கட்டியது 5 லட்சத்து 20 ஆயிரத்துச் சொச்சம். கடனில் குறைந்தது 99,511 ரூபாய். முழுசாக ஒரு லட்சம்கூட இல்லை!

இன்னும் இருக்கிறது. 5 ஆண்டு முடிவில் 26 லட்சம் கட்டியிருப்பீர்கள். பாக்கி 44 லட்சம். 10 ஆண்டு முடிவில் 52 லட்சம் கட்டியிருப்பீர்கள். வாங்கியதே 50 லட்சம்தானே, முடிந்துவிட்டது என்கிறீர்களா? பாக்கி 35 லட்சம்!

15 ஆண்டு முடிவில்? கட்டியது 78 லட்சம். பாக்கி இன்னும் 21 லட்சம்!

சரி, அசலில் சரிபாதி எப்போதுதான் குறையும்? 10-வது ஆண்டு என்றுதான் பெரும்பாலானவர்கள் நினைக்கிறார்கள். இல்லவே இல்லை. 166-வது தவணையில்தான். அதாவது 13 ஆண்டு 10 மாதம்! கடன் வாங்கிய மாதம் ஒன்றாம் வகுப்பில் சேர்ந்த பிள்ளை, அப்போது கல்லூரியில் இரண்டாம் ஆண்டை முடித்துக்கொண்டிருக்கும்!

தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவது எந்த மாதம் தெரியுமா? 143-வது மாதம். அதுவரை ஒவ்வொரு தவணையிலும் பாதிக்கு மேல் வட்டிதான்.

இதே கடனை 30 ஆண்டுக்கு வாங்கினால்? 263-வது மாதம்! ஏறக்குறைய 22 ஆண்டு காத்திருக்க வேண்டும். இதில் எனக்கு மிகவும் பிடித்த ஒரு கண்டுபிடிப்பு. 8.5 சதவீத வட்டி என்றால், கெடு 15 ஆண்டானாலும் சரி, 20 ஆனாலும் சரி, 30 ஆனாலும் சரி, அசல் முந்துவது கடைசி 98 தவணைகளில்தான். கெடுவை எவ்வளவு நீட்டினாலும் அந்த 98 மாறவே மாறாது!

"30 ஆண்டு போட்டுக்கோங்க சார், தவணை குறையும்" என்பார்கள். குறையும்தான். 20 ஆண்டுக்கு 43,391 என்பது 30 ஆண்டில் 38,446 ஆகும். மாதம் 4,945 ரூபாய் மிச்சம். ஆனால் மொத்த வட்டி 54 லட்சத்திலிருந்து 88 லட்சத்துக்குத் தாவும். கூடுதல் வட்டி 34 லட்சம்!

அதிலும் 25 ஆண்டிலிருந்து 30-க்கு நீட்டுவதுதான் மகா அநியாயம். தவணையில் மாதம் 1,816 ரூபாய்தான் குறைகிறது. அதற்கு நீங்கள் கொடுக்கும் விலை 17 லட்சத்து 62 ஆயிரம் ரூபாய்!

எதிர்ப்பக்கம் போவோமா? கெடுவை 15 ஆண்டாகச் சுருக்குங்கள். தவணை 49,237 ரூபாய். மாதம் 5,846 ரூபாய்தான் கூடுதல். வட்டியில் மிச்சம் 15 லட்சத்து 51 ஆயிரம்!

அடுத்து வருவது சந்தோஷச் செய்தி. கடன் வாங்கி ஓர் ஆண்டு முடிந்ததும், போனஸ் பணம் ஒரே ஒரு லட்சத்தை அசலில் கட்டுகிறீர்கள். தவணைத் தொகையை மாற்றவில்லை. என்ன ஆகும்? கடைசியில் 11 தவணை அப்படியே காணாமல் போகும். அந்த ஒரு லட்சம் மிச்சப்படுத்திக் கொடுக்கும் வட்டி சுமார் 3 லட்சத்து 80 ஆயிரம்!

அதே ஒரு லட்சத்தை 15-வது ஆண்டு முடிவில் கட்டினால்? மிச்சம் வெறும் 51 ஆயிரம். அதே ரூபாய், அதே கடன், அதே வங்கி. கட்டிய காலம் மட்டும்தான் வேறு!

ஆண்டுக்கு ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டிப் பாருங்கள். 12-க்குப் பதில் 13, அவ்வளவுதான். 20 ஆண்டுக் கடன் சுமார் 16 ஆண்டு 8 மாதத்தில் முடிந்துவிடும். வட்டியில் மிச்சம் சுமார் 10 லட்சம்!

சம்பளம் உயரும்போது தவணையையும் ஆண்டுக்கு 5 சதவீதம் உயர்த்தினால்? 12 ஆண்டுச் சொச்சத்தில் கடன் தீரும். 10 சதவீதம் உயர்த்தினால்? சுமார் 9 ஆண்டு 7 மாதம்! 20 ஆண்டுக் கடன் பாதிக்கும் குறைவான காலத்தில் பைசல். இந்த விடையை நான் மூன்று விதமாகச் சரிபார்த்தேன். அப்படியே நிற்கிறது!

முன்கூட்டியே கட்டினால் அபராதம் போடுவார்களோ என்று பயமா? தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக்கடனுக்கு அந்த அபராதத்தை வங்கிகள் வசூலிக்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே தடை போட்டுவிட்டது. இன்னமும் இது தெரியாமல் சேமிப்புக் கணக்கில் லட்சக்கணக்கில் பணத்தைத் தூங்க வைத்திருப்பவர்கள் ஏராளம்! ஒன்றை மட்டும் மறக்காதீர்கள். கூடுதல் பணம் கட்டும்போது "தவணை குறைய வேண்டாம், கெடு குறையட்டும்" என்று எழுதியே கொடுத்துவிடுங்கள்.

அடுத்தது என்னையே ஆடவைத்த கணக்கு. 2022 மே தொடக்கத்தில் ரெப்போ வட்டி, அதாவது வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் கொடுக்கும் வட்டி, 4 சதவீதம். 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதம். பத்தே மாதத்துக்குள் இரண்டரை சதவீத ஏற்றம்! 6.5 சதவீத வட்டியில் 50 லட்சம் வாங்கி, 37,279 ரூபாய் தவணை கட்டிக்கொண்டிருந்தவரின் வட்டி 9 சதவீதம் ஆகிறது. பாக்கி 49 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். தவணையை மாற்றாமல் அதே 37,279-ஐக் கட்டினால் கடன் தீர எத்தனை மாதம்? 570! அதாவது 47 ஆண்டுக்கு மேல்!

பாக்கி முழு 50 லட்சமாகவே இருந்தால்? மாத வட்டியே 37,500 ரூபாய். தவணை 37,279. வட்டிக்கே 221 ரூபாய் பற்றாக்குறை. கட்டக் கட்டக் கடன் வளரும்!

இதற்குத்தான் 2023 ஆகஸ்ட் 18-ம் தேதி ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி ஏறினால் தவணையைக் கூட்டுவதா, கெடுவை நீட்டுவதா, இரண்டும் கொஞ்சம் கொஞ்சமா என்று நீங்கள் தேர்வு செய்யலாம். வட்டிக்கே போதாத அளவுக்குக் கெடுவை இழுக்கக் கூடாது. இதுவரை கட்டிய அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை பாக்கி என்ற கணக்கு மூன்று மாதத்துக்கு ஒருமுறை உங்கள் கைக்கு வர வேண்டும். வந்ததா? வந்ததைப் பிரித்துப் பார்த்தீர்களா?

வட்டி இறங்கும்போது என்ன செய்வீர்கள்? 8.5 சதவீதம் 7.5 ஆகிறது. தவணையைக் குறைத்துக்கொண்டால் 20 ஆண்டில் மிச்சம் 7 லட்சத்து 47 ஆயிரம். தவணையைத் தொடாமல் விட்டுவிட்டால்? 35 தவணை பறந்துபோகும். மிச்சம் 15 லட்சத்துக்கு மேல். இரண்டு மடங்கு! 2025-ல் மட்டும் ரெப்போ 6.5-லிருந்து 5.25 சதவீதமாக இறங்கியது என்பதை ஞாபகம் வைத்துக்கொண்டு இதைப் படியுங்கள்.

2020-ல் கொரோனாக் காலத்தில் மார்ச் முதல் ஆகஸ்ட் வரை தவணையைத் தள்ளிப்போட அனுமதித்தார்கள். மூச்சு விட்டோம். கடன் வாங்கி ஓர் ஆண்டு முடிந்தவுடன் அப்படி 6 தவணையைத் தள்ளிப்போட்டு, தவணைத் தொகையும் மாறாமல் இருந்தால், கடைசியில் கூடும் தவணைகள் எத்தனை? 27!

கால் சதவீத வட்டிக்கு யாராவது பேரம் பேசுவார்களா? பேசுங்கள்! 8.5-க்கும் 8.75-க்கும் மாதம் 794 ரூபாய்தான் வித்தியாசம். 20 ஆண்டில் 1 லட்சத்து 90 ஆயிரம்!

அசல் குறைவதை மாதா மாதம் கணக்கில் எடுப்பதற்கும் ஆண்டுக்கு ஒருமுறை எடுப்பதற்கும் பெரிய வித்தியாசம் இல்லை என்றா நினைக்கிறீர்கள்? அதே 8.5 சதவீதம்தான். ஆனால் ஆண்டுக்கு ஒருமுறை என்றால் ஒன்றரை லட்சம் கூடிவிடும்!

மாடுலர் கிச்சனுக்கு 3 லட்சம் ஆகிறது, அதையும் கடனோடு சேர்த்துவிடலாம் என்று பில்டர் சொல்வார். சேர்த்தால் அந்த கிச்சனின் விலை 6 லட்சத்து 25 ஆயிரம்!

கடனோடு ஒட்டிவரும் காப்பீட்டின் பிரீமியம் ஒரு லட்சமா? அதையும் கடனில் சேர்த்தால் நீங்கள் கட்டுவது 2 லட்சத்து 8 ஆயிரம். குடும்பத்துக்கு ஒரு காப்பீடு கட்டாயம் வேண்டும் என்பேன். அதைக் கடனுக்குள் நுழைத்து வாங்கவே வேண்டாம்.

கட்டிக்கொண்டிருக்கும் அடுக்குமாடியில் வீடு புக் செய்தவர்கள் கவனிக்க. முழுப் பணமும் பில்டருக்குப் போய்விட்டது. சாவி வர 2 ஆண்டு. அதுவரை வட்டியை மட்டும் கட்டுகிறீர்கள். 8 லட்சத்து 50 ஆயிரம் போயிருக்கும். அசலில் குறைந்தது? பூஜ்யம்!

வரிச் சலுகை இருக்கிறதே என்பவர்களுக்கு இது. முதல் ஆண்டு வட்டி 4 லட்சத்து 21 ஆயிரம். நீங்களே குடியிருக்கும் வீட்டுக்குப் பழைய வரி முறையில் கழிக்க முடிந்த வட்டி 2 லட்சம்தான். 30 சதவீத வரி கட்டுபவருக்கு செஸ்ஸும் சேர்த்துத் திரும்பக் கிடைப்பது 62,400 ரூபாய். புதிய வரி முறையிலோ ஒரு பைசா கிடையாது! வரிக்காகவே கடனை வளர்க்கிறேன் என்று இனி யாராவது சொன்னால் இந்த எண்ணைக் காட்டுங்கள்.

சிங்கப்பூரில் அரசு வீட்டு வசதிக் கழகமே கொடுக்கும் கடனுக்கு வட்டி 2.6 சதவீதம். 1999 முதல் அசையாமல் அதே 2.6! அங்கே 1 லட்சம் வெள்ளி வாங்கி 25 ஆண்டு கட்டினால் மொத்தம் 1 லட்சத்து 36 ஆயிரம் வெள்ளி. இங்கே 1 லட்சம் ரூபாய்க்கு அதே 25 ஆண்டில் 2 லட்சத்து 41 ஆயிரம் ரூபாய்!

அமெரிக்காவில் 1981 அக்டோபரில் 30 ஆண்டு வீட்டுக்கடன் வட்டி 18.63 சதவீதம் வரை போனது. 1 லட்சம் டாலர் வாங்கி அதே வட்டியில் கடைசிவரை கட்டினால் 5 லட்சத்து 61 ஆயிரம் டாலர்! 2021 ஜனவரியில் அதே வட்டி 2.65 சதவீதம். கட்ட வேண்டியது 1 லட்சத்து 45 ஆயிரம்.

டென்மார்க்கில் இன்னும் ஒரு படி மேலே போனார்கள். 2019-ல் யுஸ்கே பேங்க் 10 ஆண்டு வீட்டுக்கடனுக்கு அறிவித்த வட்டி மைனஸ் 0.5 சதவீதம்!

நம் ஊருக்கே திரும்புவோம். கடைசித் தவணை கட்டியாயிற்று. வேலை முடிந்ததா? முடியவில்லை! தமிழ்நாட்டில் பத்திரத்தை வங்கியில் வைத்து எம்.ஓ.டி. (உரிமைப் பத்திர ஒப்படைப்பு ஆவணம்) பதிவு செய்திருப்பீர்கள். வங்கியிடம் ரசீது வாங்கிச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்யும்வரை வில்லங்கச் சான்றில் அந்தக் கடன் உட்கார்ந்தேதான் இருக்கும். 20 ஆண்டு கட்டி முடித்தவர் வீட்டை விற்கப் போகும்போது இது வழிமறிக்கும். கையோடு முடித்துவிடுங்கள்!

அசல் பத்திரத்தை வங்கி எத்தனை நாளில் திருப்பித் தர வேண்டும் தெரியுமா? கடன் முழுசாகத் தீர்ந்ததிலிருந்து 30 நாள். 2023 டிசம்பர் 1 முதல் இதுதான் ரிசர்வ் வங்கியின் விதி. வங்கியின் தவறால் தாமதமானால் ஒவ்வொரு நாளுக்கும் அவர்கள் உங்களுக்குத் தர வேண்டிய இழப்பீடு 5,000 ரூபாய். இன்னொரு மாதம் இழுத்தடித்தால் ஒன்றரை லட்சம்!