முகத்துவாரத்து நீரும் காந்தத்தில் ஒட்டும் மணலும்

உப்பு சேர்மம், உப்புநீர் கலவை என்று மாணவர்கள் உடனே சொல்லிவிடுகிறார்கள். ஏன் என்று கேட்டால்தான் தடுமாற்றம். “உப்புநீரைப் பிரிக்கலாம், உப்பைப் பிரிக்க முடியாது” என்பார்கள் பலர். உப்பையும் பிரிக்கலாம், உருக்கி மின்சாரம் செலுத்தினால் சோடியமும் குளோரினும் தனித்தனியே கிடைக்கும். அதனால், ‘பிரிக்க முடியுமா?’ என்பதற்கு முன் ‘விகிதம் மாறுமா?’ என்ற கேள்வியை வகுப்பில் வைக்கிறேன்.

கடலூர் முதுநகரில் இதற்கான சான்று துறைமுகத்திலேயே இருக்கிறது. கெடிலமும் பரவனாறும் கடலில் சேரும் முகத்துவாரத்து நீர் சித்திரையில் நன்றாகக் கரிக்கும். ஐப்பசி, கார்த்திகையில் வெள்ளம் இறங்கும்போது உப்பு குறைந்துவிடும். இரு பருவத்திலும் அரை லிட்டர் நீரை வடிகட்டி, வற்றக் காய்ச்சி, மிஞ்சுவதை எடைபோடச் சொல்லுங்கள். (நாக்கில் வைத்துப் பார்க்க மட்டும் விடாதீர்கள்.) திறந்த கடலில் ஒரு கிலோ நீருக்குச் சுமார் 35 கிராம் உப்புகள் இருக்கும், முகத்துவாரத்தில் கிடைக்கும் எடை மாதத்துக்கு மாதம் மாறும். ஆனால் 100 கிராம் சோடியம் குளோரைடில் சோடியம் 39.3 கிராம், குளோரின் 60.7 கிராம். மழைக்கும் வெயிலுக்கும் அது மாறாது.

அப்படியானால் வீட்டுக் கல்லுப்பு சேர்மமா? கண்டிப்பாகச் சொன்னால் இல்லை. அதில் சிறிதளவு மெக்னீசியம் குளோரைடும் இருக்கிறது. அது சோடியம் குளோரைடைவிட எளிதில் ஈரத்தை உறிஞ்சும். மழைக்காலத்தில் உப்பு ஜாடி கசிவதற்கு அது ஒரு முக்கியக் காரணம். பாக்கெட் உப்பில் பொட்டாசியம் அயோடேட் சேர்க்கிறார்கள். கடைக்காரர் சொல்லும் ‘சுத்தமான உப்பு’ வேறு, வேதியியல் சொல்லும் ‘தூய பொருள்’ வேறு.

இன்னொரு சிக்கல், இரும்புத்தூள்–கந்தகச் சோதனையில் வருகிறது. சூடாக்கியபின் கிடைக்கும் இரும்பு சல்பைடைக் காந்தம் இழுப்பதில்லை. உடனே, ‘சேர்மமானால் காந்தம் இழுக்காது’ என்று மாணவர்கள் பொதுவிதியாக்கிவிடுகிறார்கள். கடற்கரை மணலில் காந்தத்தை ஓட்டிக் காட்டுங்கள். ஒட்டும் கறுப்புத் துகள்களில் பெரும்பாலானவை மேக்னடைட். இரும்பும் ஆக்சிஜனும் சேர்ந்த சேர்மம்தான்.

இதே மேக்னடைட்டைச் சேலம் பகுதியிலிருந்து கொண்டுவந்து உருக்கிய இரும்பாலை, நமக்கு அருகில் பரங்கிப்பேட்டையில் இருந்தது. 1830-இல் ஹீத் என்ற ஆங்கிலேயர் தொடங்கியது. மரக்கரி தாதுவிலுள்ள ஆக்சிஜனைப் பிரித்தெடுத்துக்கொள்ள, இரும்பு கிடைத்தது. தாது சேர்மம், இரும்பு தனிமம். ஆனால் உலையிலிருந்து வடிந்த வார்ப்பிரும்பு தனி இரும்பன்று. அதில் கரியும் கலந்திருக்கும்; அந்தக் கரியைக் குறைத்தால் எஃகு. விகிதத்தை மாற்ற முடிகிறது, ஆகவே அது கலவை. மூன்று வகைக்கும் ஒரே ஆலையில் எடுத்துக்காட்டு கிடைத்துவிடுகிறது.

மணல் சோதனைக்குப் போகும்போது காந்தத்தைத் தாளில் சுற்றி எடுத்துச் செல்லுங்கள். இல்லாவிட்டால் ஒட்டிய துகளைச் சுரண்டியெடுப்பதிலேயே பாடவேளை முடிந்துவிடும்.