மதில்களும் மனச்சான்றும்: பிரெஞ்சு அரண் கலையும் ஹியூகனாட்டுத் திருச்சபையும்

திருச்சபை வரலாற்றைக் கற்போர் பிரெஞ்சு நாட்டுச் சீர்திருத்தச் சபையாரைப்பற்றி வாசிக்கும்போது, நான்காம் ஹென்றி 1598இல் பிறப்பித்த நாந்து அரசாணை ஹியூகனாட்டு மக்களுக்கு வழிபாட்டு உரிமையோடு ‘பாதுகாப்பு நகரங்கள்’ சிலவற்றையும் அளித்தது என்னும் செய்தியைக் காண்பர். 1628இல் லா ரொஷேல் நகரம் வீழ்ந்தது என்பதையும், 1685இல் அரசாணையே நீக்கப்பட்டது என்பதையும் அடுத்தடுத்துப் படிப்பர். ஆனால் அக்காலத்தில் கோட்டை என்பது யாது, முற்றுகை எங்ஙனம் நடைபெற்றது, ஒரு சபை தன் நம்பிக்கையை மதில்களின்மேல் வைத்ததன் பொருள் என்ன என்பவற்றை நம் பாடநூல்கள் விளக்குவதில்லை. இக்குறையை ஓரளவு நீக்க இக்கட்டுரையில் முயல்வோம். பிரெஞ்சு அரண் கலையின் தலைசிறந்த வல்லுநரும் கத்தோலிக்கருமான ஒருவர், ஹியூகனாட்டு மக்களுக்காக மன்னனின் அமைச்சரிடம் வழக்காடினார் என்பதையும் இதன்கண் காண்போம்.

1. உயர்ந்த மதில் தாழ்ந்த வரலாறு

இடைக்காலக் கோட்டையின் வலிமை அதன் உயரத்திலே இருந்தது. ஏணி சார்த்தி ஏறுவோரைத் தடுப்பதற்கு உயர்ந்த மதிலே போதுமானதாயிற்று. 1494இல் பிரெஞ்சு மன்னன் எட்டாம் சார்லஸ் இத்தாலியின்மீது படையெடுத்தபோது இந்நிலை மாறியது. அவன் கொண்டுசென்ற வெண்கலப் பீரங்கிகள் சக்கரங்களின்மேல் எளிதாய் இழுத்துச் செல்லத்தக்கவை; இரும்புக் குண்டுகளை எறியவல்லவை. உயர்ந்து நின்ற மதில் பீரங்கிக்கு நல்ல இலக்காயிற்று.

இதற்கு மறுமொழியாக இத்தாலியப் பொறியாளர்கள் புதுமுறைக் கோட்டையை வகுத்தனர். மதில் தாழ்ந்தது, பருத்தது. அதன் பின்புறம் மண் நிரப்பப்பட்டது. முன்புறம் ஆழமும் அகலமுமான அகழி வெட்டப்பட்டது. வட்டக் கோபுரத்திற்கு ஈடாகக் கூர்முனைக் கொத்தளம் அமைந்தது. இம்மாற்றத்தின் காரணம் எளிது. வட்டக் கோபுரத்தின் முகப்பில், பக்கத்திலுள்ள பீரங்கிகளின் குண்டு எட்டாத சிறு நிலப்பகுதி எப்போதும் எஞ்சியிருக்கும். பகைவன் அவ்விடத்தில் ஒதுங்கிச் சுவரின் அடியைத் தோண்டலாம். இரண்டு நேர்முகங்கள் ஒரு கூர்முனையிற் சந்திக்கும் கொத்தளத்திலோ அத்தகைய மறைவிடம் இல்லை. ஒவ்வொரு முகத்தையும் அண்டைக் கொத்தளத்தின் பக்கப் பீரங்கிகள் காக்கும். அகழிக்கு அப்பால், காவலர் நடமாடும் மறைவழியும், அதற்கப்பால் வெளிநிலத்தை நோக்கி மெல்லச் சாயும் சரிமேடும் அமைந்தன. தொலைவிலுள்ள பீரங்கி மதிலின் அடியைக் காணவொட்டாமல் அச்சரிமேடு மறைத்தது.

ஆகவே இக்காலக் கோட்டை, திருமறைப் படங்களில் நாம் காணும் வானளாவிய கோட்டையன்று. தொலைவிலிருந்து நோக்குவோருக்கு அது புல் முளைத்த மண்மேடாகவே தோன்றும். மேலிருந்து நோக்கினால் விண்மீன் வடிவிற் காணப்படும். பிரெஞ்சு நாட்டில் நான்காம் ஹென்றியின் பொறியாளரான ழான் எரார் 1600இல் இக்கலையை வடிவக் கணித அடிப்படையில் விளக்கி நூல் வெளியிட்டார். பின்னர் பிளேஸ் பகான் 1645இல் வெளியிட்ட நூல் அதனை மேலும் செம்மைப்படுத்தியது.

2. லா ரொஷேல்: மதிலால் காக்கப்படாத நகரம்

பிரெஞ்சு நாட்டின் மேலைக் கடற்கரையிலுள்ள லா ரொஷேல் ஹியூகனாட்டு மக்களின் தலையாய அரணாக விளங்கியது. பதின்மூன்றாம் லூயியும் அவனுடைய அமைச்சர் கர்தினால் ரிஷலியூவும் 1627இல் அதனை முற்றுகையிட்டனர். நிலப்பக்கத்தில் ஏறத்தாழ 12 கிலோமீட்டர் நீளமான முற்றுகை அரண்கள் எழுந்தன. எனினும் கடல் திறந்திருக்கும்வரை நகரம் பட்டினி கிடக்காது என்பதை ரிஷலியூ அறிந்திருந்தார். ஆதலின் துறைமுக வாயிலுக்குக் குறுக்கே ஏறத்தாழ 1,400 மீட்டர் நீளமான அணையைக் கட்டுவித்தார். கல் நிரப்பிய கப்பல்கள் மூழ்கடிக்கப்பட்டு அதற்கு அடித்தளமாயின. உதவிக்கு வந்த ஆங்கிலேயக் கப்பற்படைகளால் அதனை ஊடுருவ இயலவில்லை.

நகரத்தலைவர் ழான் கித்தோன் பணிய மறுத்தார். பதினான்கு மாதங்களுக்குப் பின், 1628 அக்டோபர் 28 அன்று நகரம் சரணடைந்தபோது, முன்பு ஏறத்தாழ 27,000 பேர் வாழ்ந்த இடத்தில் 5,000 பேர் அளவிலேயே எஞ்சியிருந்தனர். மதில்கள் தகர்க்கப்பட்டதால் நகரம் வீழவில்லை. அப்பம் இன்மையால் வீழ்ந்தது. அதன் பின்னரே அரசன் ஆணைப்படி மதில்கள் இடிக்கப்பட்டன. 1629இல் பிறந்த அலேஸ் ஆணை, ஹியூகனாட்டு மக்களுக்கு வழிபாட்டுரிமையை விட்டுவைத்து, பாதுகாப்பு நகரங்களையும் படை உரிமையையும் பறித்துக்கொண்டது.

3. வோபானும் முற்றுகைக் கலையும்

செபஸ்தியான் லெ பிரேத்ர் தெ வோபான் 1633இல் பர்கண்டிப் பகுதியின் சிற்றூர் ஒன்றிற் பிறந்தார். இளமையில் அரசனுக்கு எதிரான கிளர்ச்சிப் படையிற் சேர்ந்து, 1653இல் பிடிபட்டு, பின்பு அரசப் பணியேற்றார். 1655இல் அரசப் பொறியாளராய் நியமனம் பெற்றார். தம் வாழ்நாளில் ஏறத்தாழ ஐம்பது முற்றுகைகளை நடத்தி, ஏறத்தாழ 160 அரண்களைக் கட்டியோ திருத்தியோ அமைத்தார். 1703இல் பிரான்சின் மார்ஷல் பதவியை அடைந்தார்.

அவருடைய முற்றுகை முறை 1673இல் மாஸ்த்ரிக்ட் நகரின்முன் முதன்முதலாக முழுமையாய்ப் புலப்பட்டது. முதலாவது கோட்டை நாற்புறமும் வளைக்கப்படும். லூக்கா 19:43இல் ஆண்டவர் எருசலேமைக் குறித்துக் கூறியதும், கி.பி. 70இல் தீத்து செய்ததும் இத்தகைய வளைப்பே. அதன்பின், கோட்டையிலிருந்து ஏறத்தாழ 600 மீட்டர் தொலைவில், தாக்கவேண்டிய முகப்புக்கு இணையாக நீண்ட பதுங்கு குழி ஒன்று வெட்டப்படும். அங்கிருந்து முன்னோக்கிச் செல்லும் குழிகள் நேராய்ச் செல்லாமல் வளைந்து வளைந்து செல்லும். நேராய்ச் சென்றால் கோட்டைப் பீரங்கி ஒரே குண்டினால் குழி முழுவதையும் பெருக்கிவிடுமன்றோ? பாதித் தொலைவில் இரண்டாம் இணைகுழியும், சரிமேட்டின் அடியில் மூன்றாவதும் அமையும். முன்னணியில் தோண்டுவோர், மண் நிரப்பிய பிரம்புக் கூடைகளையும் சுள்ளிக் கட்டுகளையும் மறைவாக நிறுத்திக்கொண்டு அங்குலம் அங்குலமாய் முன்னேறுவர். இணைகுழிகளில் மறைந்திருக்கும் வீரர்கள், உள்ளிருந்து பாய்ந்து வரும் காவற்படையினின்று அவர்களைக் காப்பர்.

1688இல் பிலிப்ஸ்பர்க் முற்றுகையில் வோபான் மற்றொரு முறையைக் கையாண்டார். மருந்தைக் குறைத்து எறிந்த குண்டு, மதிலின் மேல்தளத்தில் விழுந்து துள்ளித் துள்ளி ஓடி, அங்குள்ள பீரங்கிகளைக் குலைத்தது. 1697இல் ஆத் நகரம் இவ்விரு முறைகளாலும் மிகச் சில உயிரிழப்போடு இரு கிழமைகளிற் கைப்பற்றப்பட்டது. நன்கு அரண்செய்யப்பட்ட கோட்டையொன்றைக் கைப்பற்ற 48 நாட்கள் ஆகும் என அவர் நாட்கணக்கும் வகுத்தார்.

இம்முறையின் நோக்கத்தை நாம் கூர்ந்து நோக்கவேண்டும். அக்காலப் படைத்தலைவர்கள் வீரத்தின் பெயரால் ஆட்களை உடைப்புகளுக்குள் ஏவினர். வோபானோ வெடிமருந்தையும் வியர்வையையும் செலவிட்டுக் குருதியைச் சேமிக்க வேண்டுமென்று இடைவிடாது வற்புறுத்தினார். 1677இல் கம்பிரே முற்றுகையின்போது அரைநிலா அரண் ஒன்றை அவசரமாய்த் தாக்குவது பல உயிர்களைப் பலிகொள்ளும் என எச்சரித்தார். மன்னன் வேறொருவர் சொல்லைக் கேட்டான். தாக்குதல் பெருஞ்சேதத்தோடு முறியடிக்கப்பட்டது. பின்னர் வோபானின் நிதான முறையே அவ்வரணைப் பெற்றுத் தந்தது.

அவர் அமைத்த அரண்களுள், 1698இல் தொடங்கப்பட்ட எண்கோண நகரமான நெஃப் பிரிசாக் அவரது கலையின் முதிர்ச்சியைக் காட்டுவது. அவருடைய அரண்களுள் பன்னிரண்டு இடத்தொகுதிகள் 2008இல் யுனெஸ்கோவின் உலக மரபுரிமைப் பட்டியலிற் சேர்க்கப்பட்டன. நம் நாட்டையும் இக்கலை எட்டியது. புதுச்சேரியில் பிரெஞ்சுக்காரர் கட்டிய ஐங்கோண வடிவான லூயிக் கோட்டை, துர்னே நகரத்து அரணைப் பின்பற்றி எழுந்து 1706இல் திறக்கப்பட்டது. சீகன்பால்கும் புளூச்சோவும் தரங்கம்பாடியில் வந்திறங்கியதும் அதே ஆண்டிலேயாம். 1761இல் ஆங்கிலேயர் அக்கோட்டையைக் கைப்பற்றித் தரைமட்டமாக்கினர்.

4. 1685உம் வோபானின் விண்ணப்பமும்

பதினான்காம் லூயியின் ஆட்சியில் ஹியூகனாட்டு மக்களிடம் மதில்கள் இல்லை. 1681 முதல் குதிரைவீரர்கள் அவர்தம் வீடுகளில் வலிந்து குடியேற்றப்பட்டனர். குடும்பம் மதம் மாறும்வரை அவ்வீரர்கள் அங்கேயே தங்கி உண்டும் அழித்தும் வந்தனர். 1685 அக்டோபரில் நாந்து அரசாணை நீக்கப்பட்டது. போதகர்கள் நாடு கடத்தப்பட்டனர், ஆலயங்கள் இடிக்கப்பட்டன. நீம், அலேஸ் போன்ற ஊர்களில் புதிய கோட்டைகள் எழுந்தன. அவற்றின் பீரங்கிகள் எல்லைப் பகைவனை நோக்காமல் ஊர் மக்களையே நோக்கி நின்றன.

இந்நிலையில், 1689 டிசம்பரில் வோபான் போர் அமைச்சர் லூவுவாவுக்கு ஒரு விண்ணப்பம் எழுதினார். ஹியூகனாட்டு மக்களைத் திரும்ப அழைத்து, நாந்து அரசாணையை மீண்டும் நிலைநாட்ட வேண்டும் என்பதே அதன் சாரம். அவர் முதலிற் கணக்குக் காட்டினார்: 80,000 முதல் 100,000 பேர் நாட்டைவிட்டு நீங்கினர், 3 கோடி லிவர் பணத்துக்கு மேல் வெளியேறியது, பகைவரின் கப்பல்களில் 8,000 முதல் 9,000 மாலுமிகளும், அவர்தம் படைகளில் 500 முதல் 600 அதிகாரிகளும் 10,000 முதல் 12,000 வீரர்களும் சேர்ந்தனர், கைத்தொழில்கள் நலிந்தன. வெளியேறியோர் தொகையை இன்றைய வரலாற்றாசிரியர்கள் இதனினும் மிகுதியாகவே மதிப்பிடுகின்றனர்.

ஆயினும் அவ்விண்ணப்பத்தின் வலிமை எண்களோடு முடியவில்லை. மன்னர்கள் குடிகளின் உயிருக்கும் உடைமைக்கும் தலைவராகலாம். அவர்களுடைய உள்ளக் கருத்துக்குத் தலைவராக இயலாது. அகத்தை ஆளுதல் கடவுள் ஒருவருக்கே உரியது என்று வோபான் வாதிட்டார். வலிந்து மாற்றப்பட்டோர் மெய்யான கத்தோலிக்கராவதில்லை. நம்பாமலே திருவருட்சாதனங்களைப் பெற்று அவற்றை இழிவுபடுத்துவோரே இதனால் பெருகுவர் என்றும் சுட்டினார். தம் சபைப் பற்றில் குறைவுற்று அவர் இவ்வாறு எழுதவில்லை. அவர் இறுதிவரை கத்தோலிக்கராகவே வாழ்ந்தார். முற்றுகைகளில் எது படைபலத்தால் கைப்பற்றத்தக்கது, எது கைப்பற்றத்தகாதது என்பதை அளந்து அளந்து பழகிய ஒருவர், மனச்சான்றின்முன் பீரங்கிக்கு வேலையில்லை என்று கண்டுகொண்டார்.

விண்ணப்பம் ஏற்கப்படவில்லை. இதற்கிடையே நாடு நீங்கியோர் வேற்று நாடுகளைக் கட்டினர். வோபானிடம் பயின்ற பொறியாளரான ஹியூகனாட்டர் கையார் பெர்லினில் அடைக்கலம் புகுந்து, அங்கே பிரெஞ்சு அகதிகளின் ஆலயத்துக்குத் திட்டம் வகுத்தார். 1685இல் இடிக்கப்பட்ட பாரிஸ் அருகிலுள்ள ஷராந்தோன் ஆலயத்தின் சாயலில் எழுந்த அவ்வாலயம் 1705இல் திறக்கப்பட்டது. நாட்டின் எல்லைகளை அரண்செய்யப் பயின்ற கை, நாடிழந்த சபைக்குக் கூரையமைத்தது.

வோபானும் தம் முதுமையில் மற்றொரு முறை அரசனின் விருப்பத்துக்கு மாறாகப் பேசினார். நாடெங்கும் பயணஞ்செய்து மக்களின் வறுமையைக் கண்டவர், பத்தில் ஒரு பங்கினர் பிச்சை எடுக்கும் நிலையில் உள்ளனர் எனக் கணித்தார். பிரபுக்களுக்கும் குருமார்க்கும் விலக்கின்றி, அனைவர் வருவாயிலும் பத்தில் ஒரு பங்கிற்கு மேற்படாத ஒரே வரியை விதிக்கவேண்டும் என்னும் அவருடைய நூல் 1707இல் தடைசெய்யப்பட்டது. அவ்வாண்டு மார்ச் 30 அன்று அவர் காலமானார்.

5. மதிலற்ற சபை

1685க்குப் பின் பிரெஞ்சுச் சீர்திருத்தச் சபை ‘பாலைவனச் சபை’ என்னும் பெயரோடு காடுகளிலும் மலைக்குகைகளிலும் கூடியது. 1715இல் அந்துவான் கூர் என்னும் இளைஞர் சிலரைக் கூட்டி, கலைந்த சபைக்கு மீண்டும் ஒழுங்குமுறை அமைத்தார். மாரி துயுரான் என்னும் பெண் 1730 முதல் 1768 வரை எக்மோர்த் நகரத்துக் கான்ஸ்டன்ஸ் கோபுரத்தில் 38 ஆண்டுகள் சிறையிருந்தார். விசுவாசத்தை மறுதலித்திருந்தால் விடுதலை பெற்றிருக்கலாம்; அவர் மறுதலிக்கவில்லை. 1787இல் அரசே கத்தோலிக்கரல்லாதாருக்குக் குடியுரிமை வழங்கும் ஆணையைப் பிறப்பித்தது.

இவ்விரு காலங்களையும் ஒப்புநோக்குவது இறையியல் மாணவர்க்குப் பயன்தரும். பாதுகாப்பு நகரங்கள் பெற்றிருந்த சபை முப்பது ஆண்டுகளில் அவற்றை இழந்தது. யாதோர் அரணும் இல்லாத சபை நூறு ஆண்டுகள் தாங்கி நின்றது. எனினும் இதிலிருந்து எளிய முடிவுக்கு நாம் தாவலாகாது. லா ரொஷேல் மக்கள் கோழைகளுமல்லர், விசுவாசமற்றோருமல்லர். 1572இன் பர்த்தொலொமேயுப் படுகொலையை நினைவிற்கொண்டோர் மதிலை நாடியது இயல்பே. பாலைவனச் சபையின் துன்பத்தை நாம் புகழும்போது, அதற்குக் காரணமான கொடுமையை நியாயப்படுத்திவிடவும் கூடாது. மறுபுறம், அலேஸ் நகரக் கோட்டையைக் கட்டிய அரசும் கிறிஸ்துவின் பெயராலேயே அதனைக் கட்டியது என்பதை மறத்தற்கில்லை.

சங்கீதம் 46ஐயும், அதனை அடியொற்றி லூத்தர் இயற்றிய பாடலையும் கற்பிக்கும்போதும், 2 கொரிந்தியர் 10இல் பவுல் கூறும் அரண்களை விளக்கும்போதும், இவ்வரலாறு நமக்குக் கைகொடுக்கும். அரண் என்பது மக்கள் உயிருக்கு அஞ்சி ஓடி ஒளிந்த இடம். சில வேளைகளில் அதே மக்களை அடக்கிவைத்த இடமும் ஆகும். ஆகவே, பெரும்பான்மையோராயினும் சிறுபான்மையோராயினும், நம் சபைகள் நிலத்தையும் நிறுவனத்தையும் சட்டப் பாதுகாப்பையும் நாடுமிடத்து, நம் பீரங்கிகள் எத்திசையை நோக்கி நிற்கின்றன என்று கேட்டுக்கொள்ளுதல் ஆயர் பணியின் ஒரு பகுதியாகும்.